அப்பாவின் அட்டமி

சில ஆண்டுகளுக்கு முன்னால் ஓர் ஐப்பசி மாதத்துச் சனிக்கிழமை காலையில் அக்கா சென்னையிலிருந்து உழவன் எக்ஸ்பிரஸில் வந்து தஞ்சாவூரில் இறங்கினாள். அப்பாவின் திதிக்காக வந்தவள். ரயிலிலேயே தண்ணீர்கூடக் குடிக்காமல் வந்திருந்தாள். வீட்டுக்குள் நுழைந்தவுடன் அடுப்படியை எட்டிப் பார்த்து, எந்த ஏற்பாடும் இல்லாததைக் கண்டு, "என்னடா, இன்னும் ஒண்ணும் ஆரம்பிக்கலையா?" என்று கேட்டாள். திதி நாளைக்குத்தானே என்றேன் நான். புரோகிதர் ஞாயிற்றுக்கிழமை என்றுதான் சொல்லியிருந்தார். திருவையாற்றுப் புஷ்யமண்டபப் படித்துறையில் காலை 11 மணிக்கு வந்துவிடச் சொல்லியிருந்தார். அக்கா கைபேசியை எடுத்துக் காட்டினாள். அதில் இருந்த, இன்றைய வானியலின்படி கணித்த திருக்கணிதப் பஞ்சாங்கத்தில் தேய்பிறை அட்டமி சனிக்கிழமை முற்பகலிலேயே பிறந்து, ஞாயிறு காலையில் முடிந்துவிட்டிருந்தது. எங்கள் வீட்டு ஆணியில் தொங்கிய வாக்கியப் பஞ்சாங்கத்திலோ அதே அட்டமி சனிக்கிழமை மாலையில்தான் பிறந்து, ஞாயிறு பிற்பகலையும் தாண்டி நின்றது. பிற்பகலில் எந்தத் திதி நிற்கிறதோ அந்த நாளில்தான் கொடுக்க வேண்டும் என்பது எங்கள் பக்கத்து வழக்கம். ஆக அவளுக்குச் சனி, எனக்கு ஞாயிறு.

அன்று இரவு ரயிலிலேயே அவள் திரும்பியாக வேண்டும். வேறு வழியில்லாமல் தானே குளித்து, வாழைக்காயும் அவரைக்காயும் சமைத்து, படத்துக்கு முன் படைத்து, மொட்டை மாடியில் காக்கைக்குச் சோறு வைத்துவிட்டுப் போய்விட்டாள். மறுநாள் நான் படித்துறையில் எள்ளும் தண்ணீரும் இறைத்தேன். கிளம்பும்போது அக்கா கோபமாக எதுவும் சொல்லவில்லை. "அப்பா இன்னைக்கு வந்தாரா, நாளைக்கு வருவாரா, அதை மட்டும் உன் புரோகிதர்கிட்டக் கேட்டுச் சொல்லு" என்றாள். அந்தக் கேள்வியை நான் புரோகிதரிடம் கேட்கவில்லை. ஆனால் அது என்னை விட்டுப் போகவும் இல்லை.

நான் இயற்பியல் படித்தவன். அதனால் முதலில் எனக்குத் தோன்றியது மிக எளிய பதில்: திருக்கணிதம் சரி, வாக்கியம் தவறு. நிலா எங்கே இருக்கிறது என்பது நம்பிக்கையைப் பொறுத்ததன்று. இன்றைய கணிதம் அதை நொடிக்கணக்கில் சொல்லிவிடும். அப்படியானால் அக்காவின் சனிக்கிழமைதான் சரி, நான் ஒரு நாள் தாமதமாகப் போய் ஆற்றில் எள்ளைக் கரைத்துவிட்டு வந்திருக்கிறேன். இந்தப் பதில் எனக்குப் பிடிக்கவில்லை என்பதற்காக அதைத் தள்ளிவிட முடியாது. ஆனால் அதற்குள் வேறொரு புதிர் இருந்தது. ஆயிரம் ஆண்டுகளாக இந்த ஆற்றங்கரைகளில் பஞ்சாங்கம் கணித்தவர்கள் தலைக்கு மேலே நிலா காய்ந்துகொண்டிருக்க, அதன் இடத்தை மணிக்கணக்கில் தவறாகச் சொல்லிக்கொண்டே இருந்தார்கள் என்றால், அதை ஒருவரும் கவனிக்கவில்லையா?

சோழிக் கணக்கு

டெல்டாக்காரர்களுக்கு இரண்டு பஞ்சாங்கச் சண்டை புதிதில்லை. 2025 மார்ச் 29 அன்று சனி மீனத்துக்குப் போகிறது என்று திருக்கணிதக்காரர்கள் சொல்லிக்கொண்டிருக்க, திருநள்ளாற்றுக் கோயில் நிர்வாகம் தங்களுக்கு வாக்கியம்தான், பெயர்ச்சி 2026-இல்தான் என்று அறிவித்தது நினைவிருக்கும். கிட்டத்தட்ட ஓராண்டு வேறுபாடு. சனி ஓர் ஆண்டில் 12 பாகை அளவே நகரும் கோள். அதன் இடத்தில் சில பாகை பிழை இருந்தாலே பெயர்ச்சி நாள் மாதக்கணக்கில் தள்ளிப்போகும். நிலாவோ ஒரே நாளில் 13 பாகை ஓடுவது. அதில் அதே அளவு பிழை இருந்தால் சில மணி நேரம்தான் வேறுபடும். சனிப் பெயர்ச்சியின் பிழை செய்தித்தாளில் வருகிறது. திதியின் பிழை எங்கள் வீட்டில் வந்தது.

வாக்கியம் என்றால் உண்மையிலேயே வாக்கியம்தான் என்பது எனக்கு வெகுநாள் தெரியாது. நிலாவின் நாள்வாரி இருப்பிடத்தை 248 சிறு வடமொழித் தொடர்களாகக் கட்டி வைத்திருக்கிறார்கள். வரருசியின் பெயரால் வழங்கும் தொடர்கள் அவை. முதல் தொடர் 'கீர் நஃ ச்ரேயஃ'. செல்வம் சேர்க்கும் வாழ்த்துப்போல ஒலிக்கும் இந்தத் தொடருக்குள் ஒரு எண் ஒளிந்திருக்கிறது. எழுத்துகளுக்கு எண் தரும் கடபயாதி முறையில் ககர வரிசையின் மூன்றாம் எழுத்துக்கு 3, நகரத்துக்குச் சுழி, கூட்டெழுத்தில் கடைசியாக நிற்கும் ரகரத்துக்கு 2, யகரத்துக்கு 1. இதை வலமிருந்து இடமாகப் படித்தால் 1203. அதாவது 12 பாகை 3 கலை. நிலா பூமிக்கு மிகத் தொலைவில், மிக மெதுவாக நகரும் இடத்திலிருந்து கணக்கைத் தொடங்கினால் முதல் நாளில் அது கடக்கும் தூரம் இது. இப்படி 248 நாள்கள். நிலா மெதுவும் வேகமுமாக மாறி மாறி ஓடும் சுற்று ஒன்றுக்கு ஏறத்தாழ 27.55 நாள், ஒன்பது சுற்று முடியும்போது 248 நாளுக்கு மிக அருகில் வந்து நிற்கும். பிறகு மறுபடியும் முதல் வாக்கியம். பாபிலோனியரும் இதே 248-ஐப் பயன்படுத்தியிருக்கிறார்கள் என்பது தனிக்கதை. இந்த 248 தொடரையும் மனப்பாடம் செய்த ஒருவருக்கு ஓலையும் வேண்டாம், கோணமானியும் வேண்டாம்.

அப்படி ஒருவரை 1825-இல் புதுச்சேரியில் ஜான் வாரன் என்ற அதிகாரி சந்தித்தார். தமிழ்ப் பஞ்சாங்கக்காரர். தரையில் சோழிகளை வைத்து நகர்த்தி, மனப்பாடமாகத் தெரிந்த தொடர்களிலிருந்து எண்களை எடுத்து, அந்த ஆண்டு மே 31 இரவில் நிகழவிருந்த சந்திர கிரகணத்தை அவர் கணித்துக் காட்டினார். கிரகணம் தொடங்கும் நேரத்தில் பிழை 4 நிமிடம். நடுப்பொழுதில் 23 நிமிடம். முடியும் நேரத்தில் 52 நிமிடம். அவருக்கு வானியலின் தத்துவம் ஒரு சொல்கூடத் தெரியாது, நினைவாற்றல் மட்டும் அபாரம் என்று வாரன் எழுதிவைத்தார். இந்தக் குறிப்பைப் பழிப்பாகப் படிப்பவர்கள் உண்டு. புகழ்ச்சியாகப் படிப்பவர்களும் உண்டு. எனக்கு அதில் பட்டது வேறு. அந்த மனிதர் குனிந்து தரையைப் பார்த்துக் கணக்கிட்டார். வெண்மீன் தன் திசை திரிந்து தெற்கே போனாலும் காவிரி பொய்க்காது என்று பட்டினப்பாலை பாடியபோது, பாடியவர் வானத்தை அண்ணாந்து பார்த்திருக்க வேண்டும், அல்லது பார்ப்பவர்கள் நடுவே வாழ்ந்திருக்க வேண்டும். சோழிக்காரருக்கு அந்தத் தேவை இல்லை. ஆனாலும் கிரகணம் அவர் சொன்ன இரவில் வந்தது. தொடக்கம் 4 நிமிடப் பிழையில் வந்தது. நிலாவின் இடமே தெரியாத கணக்கு இதை எப்படிச் சாதிக்கும்?

அரை நிலா

இதைத்தான் பல மாதம் விட்டுவிட்டு யோசித்தேன். விடை ஒரு நாள் புரோகிதர் போகிறபோக்கில் சொன்ன ஒரு வரியிலிருந்து கிடைத்தது. அமாவாசைத் தர்ப்பணம் முடிந்து, படித்துறையில் ஈர வேட்டியைப் பிழிந்துகொண்டிருந்தவரிடம் இரண்டு பஞ்சாங்கத்தைப் பற்றிப் பேச்சுக் கொடுத்தேன். "அமாவாசைக்கு யாராவது என்கிட்டச் சண்டைக்கு வந்திருக்காங்களா தம்பி? பௌர்ணமிக்கு? எல்லாம் நடுவுல வர்ற திதிக்குத்தான்" என்றார். பிறகு, திதி என்பது 65 நாழிகைக்கு மேல் வளராது, 54 நாழிகைக்குக் கீழே தேயாது, 'பாண விருத்தி, ரஸ க்ஷயம்' என்று சாஸ்திரம் சொல்கிறது. உங்கள் திருக்கணிதத்தில் திதி 67 நாழிகை வரை போகிறதே, 50 நாழிகைக்கும் இறங்குகிறதே, அது எப்படிச் சாமி சரியாகும் என்று யாரிடமோ தான் வாதாடிய கதையைச் சொன்னார். பாணம் ஐந்து, ரசம் ஆறு. ஒரு நாளுக்கு அறுபது நாழிகை; அறுபதோடு ஐந்தைக் கூட்டு, அறுபதில் ஆறைக் கழி. இந்தப் பகுதி என் காதில் அரைகுறையாகத்தான் விழுந்தது. 'நடுவுல வர்ற திதி' என்ற சொல்லிலேயே நான் நின்றுவிட்டேன்.

நிலா ஒரே வேகத்தில் ஓடுவதில்லை என்பதால், சராசரி வேகத்தில் கணக்கிட்ட இடத்துக்கு ஒரு திருத்தம் சேர்க்க வேண்டும். ஆரியபடர் வழியில் வந்த கணக்குகளில் இந்தத் திருத்தம் அதிக அளவாக 5 பாகை. இன்றைய கணக்கில் அதுவே 6.3 பாகை. அதோடு சூரியனின் ஈர்ப்பால் விளையும் இன்னொரு திருத்தம் 1.3 பாகை அளவுக்கு உண்டு. நிலா சூரியனைப் பார்த்து எந்த நிலையில் நிற்கிறது என்பதைப் பொறுத்து அது கூடும் அல்லது கழியும். அமாவாசையிலும் பௌர்ணமியிலும் இந்த இரண்டாவது திருத்தம் முதலாவதிலிருந்து கழிகிறது. 6.3-இலிருந்து 1.3 போனால் 5. பழைய நூல்களின் அதே 5 பாகை! அரை நிலா நாள்களில் கழிவதற்கு மாறாகக் கூடுகிறது. திருத்தம் ஏழரைப் பாகையைத் தொடுகிறது. அங்கேயும் பழைய கணக்கு 5 பாகை என்றே சொல்லிக்கொண்டிருக்கும். இரண்டரைப் பாகை வேறுபாடு. நேரத்தில் சுமார் 5 மணி, நாழிகையில் 12.

இந்தச் சிறு கூட்டலையும் கழித்தலையும் நான் ஒரு மளிகைச் சீட்டின் பின்புறத்தில்தான் போட்டேன். போட்டுவிட்டு வெகுநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த 5 பாகை தற்செயல் அன்று. யாரோ கிரகணங்களைப் பார்த்துப் பார்த்து அந்த எண்ணைச் செதுக்கியிருக்கிறார்கள். கிரகணம் பௌர்ணமியிலும் அமாவாசையிலும் மட்டுமே வரும். அரசனும் உழவனும் ஒருசேரப் பார்த்து, கணியன் சொன்னது பலித்ததா இல்லையா என்று தீர்ப்புச் சொல்லக்கூடிய ஒரே தேர்வு அது. அந்தத் தேர்வுக்கு ஏற்ப எண் கூர்மையானது. அரை நிலா நாளில் தேர்வு இல்லை. அட்டமி எப்போது பிறந்து எப்போது முடிந்தது என்பதை வாசலில் நின்று நிமிர்ந்து பார்த்து யாரும் சொல்லிவிட முடியாது. எனவே அங்கே பிழை பத்திரமாகத் தங்கிவிட்டது.

ஒருவருமே கவனிக்கவில்லை என்றும் சொல்ல முடியாது. 932-இல், இங்கே முதலாம் பராந்தகன் ஆண்டுகொண்டிருந்த காலத்தில், மஞ்ஜுளர் என்பவர் தம் லகுமானஸம் என்ற வானியல் நூலில் இந்த இரண்டாவது திருத்தத்துக்கு ஒரு விதி எழுதிவிட்டார். நிலாவை அரை நிலா நாள்களிலும் நட்சத்திரங்களோடு ஒப்பிட்டுப் பார்த்தவர்கள் இருந்திருக்கிறார்கள் என்பதற்கு அது போதும். இரண்டரைப் பாகை என்பது ஐந்து முழுநிலாவைப் பக்கம் பக்கமாக அடுக்கிய அகலம், பார்ப்பவனுக்குத் தப்பாது. ஆனால் அது வாக்கியத்துக்குள் வரவில்லை. வந்தால் 248 தொடர் போதாது. சூரியனும் கணக்குக்குள் நுழைந்துவிடுவதால் மனப்பாடம் முறிந்துவிடும். நம் பக்கத்துப் பஞ்சாங்கத்தில் அது நுழைய 19-ஆம் நூற்றாண்டு ஆயிற்று. சென்னை வானாய்வகத்தில் வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி போன்றவர்கள் திருக்கணிதத்துக்காக வாதாட வேண்டியிருந்தது. 1867-இல் ஒரு மாறு விண்மீனையே கண்டறிந்த மனிதர் அவர். அவருக்கும் பஞ்சாங்கக்காரர்களோடு சண்டை தீரவில்லை.

இதைப் படிக்கும் யாராவது, அட்டமி நவமியில் எதையும் தொடங்காதே என்று பெரியவர்கள் சொன்னது இந்தப் பிழை தெரிந்ததால்தான் என்று எழுதிவிடக் கூடும். தயவுசெய்து வேண்டாம். தெரிந்திருந்தால் திருத்தியிருப்பார்கள்.

கல்லில் எழுதிய திதி

என் பதில் இப்போது முன்னைவிட உறுதியாகிவிட்டது: அரை நிலா நாளில் வாக்கியம் தவறும், அப்பாவின் திதி அட்டமி, அக்கா சொன்னதுதான் சரி. அவளுக்குத் தொலைபேசியில் சொல்லவும் சொன்னேன். அதன் பிறகு கல்வெட்டு நாள்களைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தபோதுதான் என் உறுதி ஆட்டங்கண்டது.

தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் உச்சிக்கு ராஜராஜன் செப்புக்குடம் கொடுத்தது யாண்டு 25, நாள் 275 என்று கல்வெட்டு சொல்கிறது. ஆட்சியாண்டு தொடங்கியதிலிருந்து எண்ணிய நாள். நிலாவுக்கு அதில் வேலையில்லை. ஆனால் டெல்டாவில் எந்தக் கோயில் அதிட்டானத்தைச் சுற்றி வந்தாலும் கண்ணில் படும் நாள் குறிப்பு வேறு வகை: இன்ன நாயற்று, இன்ன பக்ஷத்து, இன்ன திதியும் இன்ன கிழமையும் பெற்ற இன்ன நாள். நாயிறு என்றால் சூரியன். மேஷ நாயறு என்றால் சித்திரை. கடைசியில் வரும் 'நாள்' அன்றைய நட்சத்திரம். ஒரு நாளைப் பிடித்துவைக்க இத்தனை முளை. திதி ஒன்று மட்டும் இருந்தால் எந்த ஆண்டுக்கும் பொருந்திவிடும். திதியும் கிழமையும் நட்சத்திரமும் சேர்ந்து ஒரே நாளில் விழுவது அரிது. அந்த அரிய பொருத்தத்தைக் கொண்டுதான் ஜெர்மானியரான கீல்ஹார்ன், ராஜராஜன் ஆட்சிக்கு வந்தது 985 ஜூன் 25-க்கும் ஜூலை 25-க்கும் இடையில் என்று கணக்கிட்டுச் சொன்னார். எல்.டி. சாமிக்கண்ணுப் பிள்ளை 1922-இல் நூற்றாண்டுக்கணக்கான நாள்களின் திதியையும் நட்சத்திரத்தையும் அட்டவணையாகவே போட்டுத் தந்துவிட்டார்.

கவனிக்க வேண்டியது, அந்தக் கணக்குகளை அவர்கள் எந்த நிலாவைக் கொண்டு போட்டார்கள் என்பது. இருவரும் ஐரோப்பாவின் நவீன நிலாக் கணக்கை அறியாதவர்கள் அல்லர். இருந்தாலும் கையில் எடுத்தது பழைய சித்தாந்தக் கணக்கை. காரணம் எளிது: கல்லில் எழுதியவன் வானத்தைப் பார்த்துத் திதியை எழுதவில்லை, ஊர்க் கணி சொன்னதை எழுதினான். அரை நிலா நாளில் உண்மையான நிலாவை வைத்துச் சோதித்தால், சரியாக எழுதப்பட்ட கல்வெட்டே தவறானதுபோலத் தெரியக் கூடும். அவன் அட்டமி என்றால் அது அவனுடைய பஞ்சாங்கத்தின் அட்டமி. அதைக் கண்டுபிடிக்க அவனுடைய பிழையோடுதான் கணக்கிட வேண்டும். பக்ஷத்தையே மாற்றி எழுதிவிட்ட கல்வெட்டுகளும் உண்டு. அவற்றுக்கு எந்த நிலாவும் உதவாது.

இதைப் படித்த இரவில்தான் எனக்கு அந்தக் கேள்வி முதல்முறையாகத் தோன்றியது. அப்பா இறந்தது அட்டமியில் என்று எனக்கு யார் சொன்னது?

அப்பா மருத்துவமனையில் இறந்தது விடியற்காலை 4 மணி 5 நிமிடத்துக்கு. சான்றிதழில் புதன்கிழமையின் தேதி. வீட்டில் எல்லோரும் செவ்வாய் என்றே சொன்னோம். சூரியன் உதிக்காமல் நமக்கு மறுநாள் ஏது? புரோகிதர் வந்து, கூடத்து ஆணியிலிருந்து பஞ்சாங்கத்தை எடுத்து, அதன் பின்னட்டையில் பென்சிலால் குறித்துக் கொடுத்தார். அந்தப் பஞ்சாங்கத்தை அம்மா இன்னும் பீரோவில் வைத்திருக்கிறாள். எடுத்துப் பார்த்தேன். 'ஐப்பசி, செவ்வாய், உதயாதி நாழிகை 55, தேய்பிறை அட்டமி.' அன்று உதயம் காலை 6.05; அதிலிருந்து 22 மணி நேரம்; நாழிகைக்கு 24 நிமிடம் வீதம் 55. ஒரு விநாழிகை பிசகவில்லை. முல்லைப்பாட்டில், பாசறையில் துயிலாதிருக்கும் அரசனைத் தொழுது, உன் குறுநீர்க் கன்னலில் பொழுது இவ்வளவு ஆயிற்று என்று அறிவிக்கும் 'பொய்யா மாக்கள்' வருவார்கள். அவர்களுடைய நீர்க்கடிகாரம் அளந்த அதே நாழிகையில், கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு, இவர் என் அப்பாவின் நேரத்தை எழுதியிருக்கிறார்.

அந்தச் செவ்வாய் இரவுக்கு உண்மையான நிலாவின் கணக்கைப் போட்டுப் பார்த்தேன். அட்டமி நள்ளிரவு தாண்டிச் சிறிது நேரத்தில் முடிந்துவிட்டிருந்தது. 4 மணி 5 நிமிடத்துக்கு வானத்தில் இருந்தது நவமி.

அன்று மழை விட்டிருந்தது. மருத்துவமனை வாசலில் ஆம்புலன்ஸுக்காக நின்றபோது, தென்னைக்கு மேலே உயரத்தில் பாதி நிலா இருந்தது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. பாதியா, பாதிக்குச் சற்றுக் குறைவா என்று கேட்டால் இன்றும் சொல்ல மாட்டேன். நேராக வெட்டிய கொழுக்கட்டைபோல இருந்தது. அவ்வளவுதான்.

ஆக, அக்கா செய்தது எந்தக் கணக்கிலும் சேராத ஒன்று. வாக்கியம் கொடுத்த அட்டமியைத் திருக்கணிதத்தில் கொண்டுபோய்த் தேடியிருக்கிறாள். கைபேசியின் வழியே போவதானால் அப்பாவுக்கு நவமியில் கொடுக்க வேண்டும். அட்டமியில் கொடுப்பதானால் அது பிறந்த பஞ்சாங்கத்திலேயே தேட வேண்டும். அந்தப் பென்சில் குறிப்பு இருந்த பஞ்சாங்கம் அப்பாவே சித்திரையில் தஞ்சாவூரில் வாங்கியது. நாற்று விட்ட நாளையும், உரக்கடைக்குப் பணம் கட்டிய நாளையும் அதிலேயே குறித்துவைத்திருந்தார். ஐப்பசிக்கு அப்புறம் உள்ள பக்கங்கள் வெறுமையாக இருந்தன.

அக்காவைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். ஏழரைப் பாகை, கீல்ஹார்ன், உதயாதி நாழிகை ஒன்றையும் விடவில்லை. பொறுமையாகக் கேட்டாள். "அப்ப என் போன்ல பாத்தா நவமி, அப்பா பஞ்சாங்கத்துல பாத்தா அட்டமி. அப்படித்தானே?" என்றாள். ஆமாம் என்றேன். அடுத்த தடவை வாக்கியத்து நாளைக்கே டிக்கெட் போடுகிறேன் என்றாள். போனை வைக்கப்போனவள் மறுபடியும் கூப்பிட்டாள். "போன் காட்டுற நாளைக்கும் நான் இங்க மாடியில காக்காய்க்குச் சோறு வச்சுடுறேன்டா. அதுல ஒண்ணும் தப்பில்லையே?"